வேகன்ஆரா, கிராண்ட் ஐ-10-ஆ?
உபயோகித்த சிறிய கார் வாங்க எண்ணும் நம் குடும்பங்களுக்குச் சில குறிப்புகள்

நம் டெய்ரி ஃபார்ம் பகுதியிலும், ஜங்லிகாட், புரோத்ராபூர், கராச்சர்மா பக்கங்களிலும் வசிக்கும் தமிழ்க் குடும்பங்களில் இப்போது அடிக்கடி எழும் கேள்வி இது. பிள்ளைகள் வளர்ந்துவிட்டார்கள். வயதான அப்பாவையோ அத்தையையோ ஊரிலிருந்து அழைத்து வந்து வைத்திருக்கிறோம். மழை நாளில் ஸ்கூட்டரில் நான்கு பேர் போக முடிவதில்லை. புதுக் கார் வாங்கும் அளவுக்குக் கையில் பணம் இல்லை. ஆகவே ஏழெட்டு ஆண்டு ஓடிய சிறிய கார் ஒன்று போதும் என்று தீர்மானிக்கிறார்கள். விசாரித்துக்கொண்டே போனால் பேச்சு இரண்டு பெயர்களில் வந்து நிற்கிறது. ஒன்று மாருதி வேகன்ஆர். மற்றது ஹூண்டாய் கிராண்ட் ஐ-10.

ரயில் பாதையே இல்லாத தீவில் குடியிருக்கும் ஓய்வுபெற்ற ரயில்வே பொறியாளனிடம் இந்தக் கேள்வியைக் கொண்டுவருவது சற்று வேடிக்கைதான். ஆனாலும் இரும்பு, துரு, பிரேக், ஏற்றம் ஆகிய நான்கும் ரயிலுக்கும் காருக்கும் பொதுவானவை. அந்த உரிமையில் இதை எழுதுகிறேன்.

இதில் செலவாகும் பணம் சிறு தொகை அல்ல. பி.எஃப். முன்பணம், சீட்டு எடுத்த பணம், சில வீடுகளில் அம்மாவின் வளையல்கூட இதற்குள் போகிறது. ஆறே மாதத்தில் தரை ஓட்டையாகும் காரில் அந்தப் பணம் முடங்கிவிடக் கூடாது. ஆதலால் என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இரண்டுமே நல்ல கார்கள். குடும்பத்தின் தேவையைப் பொறுத்து இரண்டில் ஒன்று சற்றுப் பொருத்தமாக இருக்கும். ஆனால் நம் தீவில் காரின் பெயரைவிட அதன் அடிப்பாகம் முக்கியம். மேலே பளபளப்பாக இருக்கும் காரைவிட, கீழே துருவில்லாத காரே நல்ல கார்.

இரண்டு கார்களும் பிறந்த கதை

வேகன்ஆர் இந்தியாவில் 1999 டிசம்பரில் வெளிவந்தது. அதற்கு ஓராண்டு முன்னதாக, 1998 செப்டம்பரில், ஸ்ரீபெரும்புதூர் அருகே இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் நிறுவனம் சான்ட்ரோ காரைத் தயாரித்து விற்கத் தொடங்கியிருந்தது. உயரமான கூரையுள்ள சிறிய கார் என்ற எண்ணம் நம் நாட்டில் பரவியது இந்த இரண்டினால்தான். சான்ட்ரோவின் வழியில் 2007-இல் ஐ-10 வந்தது. அதைவிடச் சற்றுப் பெரிதாக 2013 செப்டம்பரில் கிராண்ட் ஐ-10 வந்தது. வேகன்ஆரின் இரண்டாம் வடிவம் 2010-இல் வந்து 2018 வரை விற்றது. 2019 ஜனவரியில் மூன்றாம் வடிவம் வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் ஹூண்டாய் 'நியோஸ்' என்ற புதிய வடிவத்தை வெளியிட்டது.

இன்று நம்மவர்களின் பட்ஜெட்டுக்குள் அகப்படுபவை பெரும்பாலும் 2013 முதல் 2018 வரை பதிவான வண்டிகள். எனவே அந்த ஆண்டுகளின் பெட்ரோல் வண்டிகளை மட்டும் இங்கே ஒப்பிடுகிறேன்.

கிராண்ட் ஐ-10 நம் தமிழ்நாட்டில் செய்த கார் என்பதால் நம்மவர்கள் சிலருக்கு அதன்மேல் ஒரு பாசம் உண்டு. எனக்கும் உண்டு. ஆனால் பத்து வருடம் ஓடிய வண்டிக்குப் பிறந்த ஊரைவிட வளர்ந்த ஊர்தான் முக்கியம். அதைப் பிறகு பார்ப்போம்.

எண்கள் சொல்வது என்ன?

வேகன்ஆரின் இன்ஜின் 998 சி.சி., மூன்று சிலிண்டர், 68 குதிரைத்திறன். கிராண்ட் ஐ-10 இன்ஜின் 1,197 சி.சி., நான்கு சிலிண்டர், 83 குதிரைத்திறன். இழுவிசை, அதாவது டார்க், வேகன்ஆரில் 90 நியூட்டன் மீட்டர். கிராண்ட் ஐ-10-இல் 114. அதாவது இரண்டாவதில் கால் பங்குக்கு மேல் கூடுதல்.

இரண்டு இன்ஜின்களிலும் டைமிங் பெல்ட்டுக்குப் பதிலாகச் செயின் இருக்கிறது. இது நல்ல செய்தி. பெல்ட் உள்ள வண்டியில் குறிப்பிட்ட கிலோமீட்டருக்கு ஒருமுறை அதை மாற்ற வேண்டும்; மாற்றாமல் விட்டு அறுந்தால் இன்ஜினே பழுதாகலாம். பழைய சான்ட்ரோ ஜிங், 1.1 லிட்டர் ஐ-10 ஆகியவற்றில் பெல்ட்தான். விலை மலிவாக இருக்கிறதென்று யாராவது அவற்றை வாங்கப் போனால், பெல்ட் கடைசியாக எப்போது மாற்றப்பட்டது என்பதற்கு பில் கேளுங்கள்.

அகலத்தில் வேகன்ஆர் ஏறத்தாழ ஒன்றரை மீட்டர். கிராண்ட் ஐ-10 1.66 மீட்டர். வேறுபாடு அரை அடி. நம் பகுதியின் சந்துகளில் எதிரே ஜீப் வரும்போது அந்த அரை அடியின் அருமை தெரியும். உயரத்தில் வேகன்ஆர் கூடுதல், இருக்கையும் உயரம். முழங்கால் வலி உள்ள பெரியவர்கள் குனியாமல் நாற்காலியில் உட்காருவதுபோல உட்காரலாம். ஆனால் உயரமும் ஒடுக்கமுமான வண்டி என்பதால் வளைவுகளில் சற்றுச் சாயும். தரையிலிருந்து இடைவெளி இரண்டுக்கும் 165 மி.மீ.தான்.

பின்புற டிக்கியில் வேகன்ஆருக்கு 180 லிட்டர் இடம். கிராண்ட் ஐ-10-க்கு 256 லிட்டர். ஊருக்குப் போகும்போது பெட்டிகளுடன் ஹேடோ துறைமுகத்துக்கோ விமான நிலையத்துக்கோ செல்லும் குடும்பத்துக்கு இது பெரிய வேறுபாடு.

ஏற்றத்தில் நடப்பது

ரயில்வேயில் ஏற்றத்தை '1-க்கு 100' என்பதுபோலச் சொல்வோம். நூறு அடி போனால் ஓரடி உயரம் என்று பொருள். நூறடிக்கு ஓரடியே கனரக ரயிலுக்குச் சுமைதான். நீலகிரி மலை ரயிலில் ஏறத்தாழ 1-க்கு 12. அங்கே பல்சக்கரம் வைத்தால்தான் வண்டி ஏறும். நம் போர்ட் பிளேரில் (2024 செப்டம்பரிலிருந்து ஸ்ரீ விஜயபுரம்) டெலானிபூர், ஷாதிபூர் பக்கம் போய்வருபவர்களுக்கு ஏற்ற இறக்கத்தைப் பற்றி நான் சொல்லத் தேவையில்லை.

ஒரு கணக்கு பாருங்கள். ஐந்து பேருடன் சிறிய கார் ஒன்றின் மொத்த எடை சுமார் 1,200 கிலோ. 1-க்கு 10 ஏற்றத்தில் அது ஏற வேண்டுமானால், சமதளத்தில் தேவைப்படும் இழுவையுடன் கூடுதலாக 120 கிலோ எடையைத் தூக்கும் அளவு விசை வேண்டும். இரண்டு கார்களும் ஏறிவிடும். ஆனால் வேகன்ஆரை முதல் கியருக்கு இறக்கி, ஏ.சி.யை நிறுத்தி ஏற்ற வேண்டிய இடத்தில், கிராண்ட் ஐ-10 இரண்டாம் கியரிலேயே ஏறிவிடக்கூடும். ஓட்டுபவர் ஒருவர், உடன் ஒருவர் என்றால் இந்த வேறுபாடு தெரியாது. ஐந்து பேர், மூட்டை முடிச்சு என்றால் தெரியும்.

ஏற்ற ஊரில் ஓடிய வண்டியில் முதலில் தேய்வது கிளட்ச். இதை எளிதாகச் சோதிக்கலாம். சமதளத்தில், எதிரே யாரும் இல்லாத இடத்தில், ஹேண்ட் பிரேக்கை இறுக இழுத்து, இன்ஜினை ஓடவிட்டு, மூன்றாம் கியரைப் போட்டு, கிளட்சை மெல்ல விடுங்கள். இன்ஜின் திணறி உடனே நின்றுவிட்டால் கிளட்ச் நன்றாக இருக்கிறது. நிற்காமல் ஓடிக்கொண்டே இருந்தால் கிளட்ச் வழுக்குகிறது. அதை மாற்றும் செலவை விலையில் கழித்துப் பேசுங்கள்.

பெட்ரோல் கணக்கு

பேரம் பேசும் இடத்தில் எல்லாரும் முதலில் கேட்பது மைலேஜ். சோதனைக்கூடத்தில் அளந்த கணக்குப்படி வேகன்ஆர் லிட்டருக்கு ஏறத்தாழ 20.5 கி.மீ., கிராண்ட் ஐ-10 18.9 கி.மீ. நம் ஏற்ற இறக்கத்திலும் குறுகிய தூர ஓட்டத்திலும் அதில் மூன்றில் இரண்டு பங்கு கிடைக்கிறது என்று வைத்துக்கொள்வோம். மாதம் 500 கி.மீ. ஓடினால் வேகன்ஆருக்குச் சுமார் 36½ லிட்டர், கிராண்ட் ஐ-10-க்குச் சுமார் 39½ லிட்டர் ஆகும். வேறுபாடு மாதம் மூன்று லிட்டர். ஆண்டு முழுவதும் சேர்த்தாலும் ஒரு நல்ல டயரின் விலை வராது. அதிலும் மற்ற மாநிலங்களைவிட நமக்குப் பெட்ரோல் விலை குறைவு. எனவே மைலேஜை மட்டும் பார்த்து இந்த இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டாம்.

உப்புக் காற்று செய்யும் வேலை

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். சென்னையில் ஆண்டுக்கு ஏறத்தாழ 1,400 மி.மீ. மழை. இங்கே ஏறத்தாழ 3,000 மி.மீ. மே மாதம் தொடங்கும் மழை இரண்டு பருவக்காற்றிலும் பெய்து டிசம்பர் வரை வருகிறது. நான்கு புறமும் கடல்.

இரும்பு துருப்பிடிக்க நீரும் பிராண வாயுவும் போதும். உப்பு சேர்ந்தால் அந்த நீரில் மின்சாரம் எளிதாகப் பாயும். துருப்பிடிப்பது ஒரு மின்வேதியியல் நிகழ்ச்சி என்பதால் அதன் வேகம் பெருகும். அத்துடன் உப்பு காற்றிலுள்ள ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும் குணமுடையது. மழையில்லாத நாளிலும் உப்புப் படிந்த தகடு ஈரமாகவே இருக்கும். வீட்டில் திறந்து வைத்த உப்பு ஜாடி மழைக்காலத்தில் கசிவதைப் பார்த்திருப்பீர்கள். அதேதான் காரின் அடியிலும் நடக்கிறது.

எங்கள் ரயில்வேயில் இதற்குப் பெரிய சாட்சி பாம்பன் பாலம். 1914-இல் திறந்த அந்தப் பாலத்தைக் கடற்காற்றிலிருந்து காப்பாற்றுவதே தலைமுறை தலைமுறையாக ஒரு வேலையாக இருந்தது. 2022 டிசம்பரில் அதில் ரயில் நிறுத்தப்பட்டது. 2025 ஏப்ரல் 6-ஆம் தேதி திறந்த புதிய பாலத்தில் துருப்பிடிக்காத எஃகுக் கம்பிகளும், பாலிசிலாக்சேன் என்ற சிறப்பு வண்ணப்பூச்சும் பயன்படுத்தியிருக்கிறார்கள். அத்தனை கனமான இரும்புக்கே அந்தக் கவனம் வேண்டுமென்றால், ஒரு மில்லிமீட்டர்கூடத் தேறாத காரின் தகட்டுக்கு எவ்வளவு வேண்டும்!

நம் தீவிலேயே இடத்துக்கு இடம் வேறுபாடு உண்டு. 2004 டிசம்பர் 26 பேரலைக்குப் பின் சிப்பிகாட் பக்கம் நிலம் தாழ்ந்து கடல்நீர் ஏறியதை நாம் அறிவோம். உப்புநீர் ஏறும் சாலையில் தினமும் சென்ற வண்டிக்கும், மேட்டுப் பகுதியில் கூரைக்கடியில் நின்ற வண்டிக்கும் வயது ஒன்றானாலும் உடம்பு ஒன்றல்ல. ஆகவே விற்பவரிடம் முதலில் கேட்க வேண்டியது இதுதான்: "வண்டியை இத்தனை நாளும் எங்கே நிறுத்தினீர்கள்? தினமும் எந்த வழியாகப் போய் வந்தீர்கள்?"

அடிப்பாகத்தைப் பார்ப்பது எப்படி?

ஒர்க் ஷாப்பில் லிஃப்ட்டிலோ குழியின் மேலோ காரை நிறுத்தி, நல்ல டார்ச் விளக்குடன் பாருங்கள். விற்பவர் இதற்குச் சம்மதிக்காவிட்டால் அந்தக் காரை மறந்துவிடுங்கள். பார்க்க வேண்டிய இடங்கள்:

1. முன் கதவுக்கும் பின் கதவுக்கும் கீழே நீளவாக்கில் ஓடும் படிப் பகுதி. காரின் பலம் இதில்தான் இருக்கிறது.

2. நான்கு சக்கரங்களுக்கும் மேலுள்ள வளைவுகளின் உட்புறம், ஷாக் அப்சார்பர் பொருந்தும் இடங்கள்.

3. பின் சக்கரங்களை இணைக்கும் குறுக்குச் சட்டமும் அது உடலுடன் சேரும் முனைகளும்.

4. பிரேக் ஆயில் செல்லும் மெல்லிய குழாய்கள். இவற்றில் செதில் செதிலாகத் துரு இருந்தால் உயிருக்கு ஆபத்து.

5. பெட்ரோல் டாங்கைத் தாங்கும் பட்டைகள், சைலன்ஸர்.

6. பானெட்டைத் திறந்தால் பாட்டரியின் கீழ்த்தட்டு, ரேடியேட்டரைத் தாங்கும் சட்டம்.

7. கதவுகளின் கீழ்விளிம்பு. அங்கே நீர் வடியச் சிறு துளைகள் இருக்கும். அவை அடைபட்டிருந்தால் கதவு உள்ளிருந்து அரிக்கும்.

8. டிக்கியில் ஸ்டெப்னி வைக்கும் பள்ளம்.

துருவில் மூன்று நிலை உண்டு. மேலாகச் செம்மண் பூசியதுபோல இருப்பது முதல் நிலை. தேய்த்து வண்ணம் பூசினால் போதும். பெயின்ட் கொப்பளித்து, தட்டினால் செதிலாக உதிர்வது இரண்டாம் நிலை. விலையைக் குறைத்துப் பேச வேண்டிய இடம். ஸ்க்ரூ டிரைவரின் பின்புறத்தால் தட்டினால் அமுங்குவது அல்லது ஓட்டை விழுவது மூன்றாம் நிலை. படிப் பகுதியிலோ ஷாக் அப்சார்பர் பொருந்தும் இடத்திலோ இது இருந்தால், எந்த விலைக்கும் வேண்டாம்.

ரயில் நிலையத்தில் முன்பெல்லாம் ஓர் ஊழியர் நீண்ட சுத்தியலால் சக்கரங்களைத் தட்டிக்கொண்டே போவார். நல்ல சக்கரம் மணிபோல ஒலிக்கும். விரிசல் உள்ளது மந்தமாக ஒலிக்கும். காரின் தகட்டையும் விரலால் தட்டிப் பார்க்கலாம். டிங்கரிங் செய்து பட்டி பூசிய இடம் மந்தமாக ஒலிக்கும். கையோடு ஒரு சிறு காந்தம் கொண்டுபோங்கள். கதவின் கீழ்ப்பகுதியில் காந்தம் ஒட்டவில்லை என்றால் அங்கே தகட்டுக்குப் பதில் பட்டிதான் இருக்கிறது. ஆனால் பம்பர் பிளாஸ்டிக் என்பதால் அதில் எப்போதுமே ஒட்டாது.

இன்னொரு எச்சரிக்கை. விற்பதற்கு முன் அடியில் புதிதாகக் கறுப்புப் பூச்சு அடித்திருந்தால் மகிழ வேண்டாம். துருவைச் சுரண்டாமல் அதன்மேலேயே பூசினால், ஈரம் உள்ளே அகப்பட்டுத் துரு இன்னும் வேகமாகத் தின்னும். புதுப் பூச்சு எதை மறைக்கிறது என்று கேளுங்கள்.

சென்னையிலிருந்து கார் வரும்போது

"அத்தான் சென்னையில் ஒரு நல்ல கிராண்ட் ஐ-10 பார்த்து வைத்திருக்கிறார். போட்டோ அனுப்பியிருக்கிறார். இங்கேயுள்ள விலையைவிடக் குறைவு" என்று சொல்பவர்கள் உண்டு. உப்புக் காற்றில் நிற்காத வண்டி என்ற அளவில் இது நல்ல யோசனையே. ஆனால் இரண்டு விஷயங்களைக் கவனியுங்கள்.

முதலாவது வெள்ளம். 2015 டிசம்பரில் சென்னையிலும், 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது மீண்டும் சென்னையிலும், அதே மாதம் தூத்துக்குடி, திருநெல்வேலி மாவட்டங்களிலும் ஏராளமான வண்டிகள் நீரில் மூழ்கின. மூழ்கிய வண்டியைத் துடைத்து, பாலிஷ் போட்டு விற்றால் போட்டோவில் தெரியாது. நேரில் பார்ப்பவர் இவற்றைச் சோதிக்க வேண்டும். சீட் பெல்ட்டை முழுவதும் வெளியே இழுத்தால் கடைசிப் பகுதியில் சேற்றுக்கறை தெரியும். தரைக் கம்பளத்தின் அடியில் வண்டல் இருக்கும். சீட்டைத் தாங்கும் தண்டவாளத்தில் துரு இருக்கும். கண்ணாடியை மூடி வைத்துவிட்டுத் திறந்தால் பூஞ்சை வாடை வரும். சர்வீஸ் புத்தகத்தில் வெள்ளத்தை ஒட்டிய மாதங்களில் பெரிய வேலை ஏதாவது நடந்திருக்கிறதா என்றும் பாருங்கள்.

இரண்டாவது மொத்தச் செலவு. சென்னைக்கும் நமக்கும் இடையே கடல்வழி சுமார் 1,200 கி.மீ. காரின் விலையுடன் கப்பல் கூலி, ஏற்றி இறக்கும் கூலி, வழிக்காப்பீடு, இங்கே கட்ட வேண்டிய வரி, மறுபதிவுக் கட்டணம், ஒருவர் போய் வரும் செலவு அனைத்தையும் ஒரு தாளில் எழுதிக் கூட்டுங்கள். கூட்டிய பிறகும் குறைவாக இருந்தால் வாங்கலாம். விலையில் இருபதாயிரம் குறைவு என்பதற்காக மட்டும் வேண்டாம்.

இன்னொன்று: சென்னையில் வாடகைக் காராக ஓடிப் பிறகு சொந்த உபயோகத்துக்கு மாற்றிய வண்டிகளும் விற்பனைக்கு வரும். ஆர்.சி.யில் பழைய வகை என்ன என்று பார்க்கச் சொல்லுங்கள். சி.என்.ஜி. பொருத்திய வேகன்ஆராக இருந்தால், அந்த வாயு நமக்குப் பக்கத்தில் கிடைக்காத வரை அந்தச் சிலிண்டர் டிக்கியை அடைத்துக்கொள்ளும் வெறும் சுமை.

காகிதங்கள்

புதிய பெட்ரோல் காருக்குப் பதிவு 15 ஆண்டு செல்லும். 2014-இல் பதிவான கார் 2029 வரை. அதன்பின் தகுதிச் சோதனை செய்து ஐந்து ஐந்து ஆண்டாகப் புதுப்பிக்க வேண்டும். 2022 ஏப்ரல் முதல் காருக்கான புதுப்பிப்புக் கட்டணம் 600 ரூபாயிலிருந்து 5,000 ரூபாயாக உயர்ந்தது. எனவே 2012 கார் 'மலிவு' என்றால் இதையும் சேர்த்து எண்ணுங்கள்.

உள்ளூர் வண்டியானால் படிவம் 29, படிவம் 30 ஆகியவற்றில் விற்பவரும் வாங்குபவரும் கையெழுத்திட்டு ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் பெயர் மாற்ற வேண்டும். தமிழ்நாட்டு வண்டியானால் முதலில் அங்குள்ள அலுவலகத்தில் படிவம் 28 கொடுத்துத் தடையில்லாச் சான்று பெற வேண்டும். வேறு மாநில எண்ணுள்ள வண்டியை 12 மாதத்துக்கு மேல் இங்கே வைத்திருந்தால் இங்கே புது எண் பெறுவது சட்டம். வண்டியின்மேல் வங்கிக் கடன் இருந்திருந்தால், கடன் தீர்ந்ததற்கு வங்கியின் கடிதமும் படிவம் 35-உம் வேண்டும். "கடன் முடிந்துவிட்டது, காகிதம் பிறகு தருகிறேன்" என்ற பேச்சுக்கு முன்பணம்கூடக் கொடுக்க வேண்டாம்.

காப்பீட்டை 14 நாட்களுக்குள் உங்கள் பெயருக்கு மாற்ற விண்ணப்பியுங்கள். விற்றவரின் 'நோ கிளெய்ம் போனஸ்' அவருக்கே உரியது. வண்டியுடன் உங்களுக்கு வராது. இன்ஜின் எண், சேஸிஸ் எண் இரண்டையும் நீங்களே வண்டியில் பார்த்து ஆர்.சி.யுடன் ஒப்பிடுங்கள்.

உயிர்ப் பாதுகாப்பு

2014-இல் குளோபல் என்கேப் என்ற அமைப்பு ஆல்டோ 800, நானோ, ஐ-10, ஃபிகோ, போலோ ஆகிய ஐந்து இந்தியச் சிறு கார்களைக் காற்றுப்பை இல்லாத வடிவில் மோதவிட்டுச் சோதித்தது. பெரியவர்களுக்கான பாதுகாப்பில் ஐந்துக்கும் பூஜ்யம். அதே போலோவை முன்புறம் இரண்டு காற்றுப்பைகளுடன் சோதித்தபோது நான்கு நட்சத்திரம் கிடைத்தது.

நாம் பார்க்கும் ஆண்டுகளில் காற்றுப்பையும் ஏ.பி.எஸ்.ஸும் எல்லா வண்டியிலும் கட்டாயம் இல்லை. ஏ.பி.எஸ். 2019 ஏப்ரலிலும், ஓட்டுநர் காற்றுப்பை 2019 ஜூலையிலும்தான் எல்லாக் கார்களுக்கும் கட்டாயமாயின. எனவே ஒரே வேகன்ஆர், ஒரே கிராண்ட் ஐ-10 என்றாலும் வண்டிக்கு வண்டி வேறுபடும். ஸ்டியரிங்கின் நடுவிலும் இடப்புற டாஷ்போர்டிலும் காற்றுப்பைக் குறி இருக்கிறதா பாருங்கள். சாவியைத் திருப்பியதும் ஏ.பி.எஸ்., காற்றுப்பை விளக்குகள் எரிந்து சில நொடிகளில் அணைய வேண்டும். எரியவே இல்லை என்றாலும், அணையவில்லை என்றாலும் கோளாறுதான். இவை உள்ள வண்டிக்குச் சற்றுக் கூடுதல் விலை கொடுக்கலாம். மழையில் இறக்கத்தில் பிரேக் பிடிக்கும் ஊர் இது.

அப்படியானால் எது?

வண்டியைக் காலையில் இன்ஜின் சூடேறாத நிலையில் ஸ்டார்ட் செய்து பார்த்து, ஏற்றம், இறக்கம், பள்ளம் மூன்றும் உள்ள வழியில் அரை மணி நேரம் ஓட்டிப் பார்த்தபின் இப்படித் தீர்மானிக்கலாம்.

வீட்டில் முதியவர் இருக்கிறார். பள்ளி, ஆஸ்பத்திரி, அபர்டீன் பஜார், கோயில் என்று ஊருக்குள்ளேயே ஓட்டம். நிறுத்த இடம் குறுகல் என்றால் வேகன்ஆர்.

ஐந்து பேர் சேர்ந்தே போகிறோம். வண்டூர், சிடியாதாபு, அல்லது ஜிர்காடாங் வழியாக ரங்கத், மாயாபந்தர் வரை உறவினர் வீட்டுக்குப் போய்வருவதுண்டு. சாமான் அதிகம் என்றால் கிராண்ட் ஐ-10.

இரண்டும் கலந்த தேவை என்றால், இரண்டு கம்பெனியின் சர்வீஸ் நிலையத்துக்கும் போய் ஒரே கேள்வியைக் கேளுங்கள்: "கிளட்ச் செட், முன் ஷாக் அப்சார்பர், பிரேக் பேட், ரேடியேட்டர், முன் கண்ணாடி இப்போது கையிருப்பில் உண்டா? இல்லாவிட்டால் எத்தனை நாள்?" தீவில் இல்லாத பாகம் கப்பலில் வர வேண்டும், கடல் கொந்தளித்தால் கப்பலும் தாமதம். எங்கே விரைவாகக் கிடைக்கிறதோ அந்த வண்டி உங்களுக்கு நல்லது.

இவை அனைத்துக்கும் மேலாக ஒரு விதி. பொருத்தமான வண்டியின் அடியில் மூன்றாம் நிலைத் துரு, பொருத்தம் சற்றுக் குறைந்த வண்டியின் அடி சுத்தம் என்றால், யோசிக்காமல் இரண்டாவதை வாங்குங்கள். இன்ஜினைப் பிரித்துச் சீர்செய்யலாம், கிளட்சை மாற்றலாம், டயரை மாற்றலாம். அரித்துப் போன உடலை மாற்ற முடியாது.

விலை பேசுமுன் புதுக் காரின் இன்றைய விலையையும் விசாரியுங்கள். 2025 செப்டம்பர் 22 முதல் இவ்வகைச் சிறிய பெட்ரோல் கார்களுக்கு ஜி.எஸ்.டி. 28 சதவிகிதத்திலிருந்து 18 ஆகக் குறைந்துவிட்டது. புதுக் கார் விலை இறங்கியபின் பழைய காருக்கு அதற்கு முந்திய விலையைச் சொல்பவரிடம் இதை எடுத்துச் சொல்லிப் பேசலாம்.

வாங்கிய பிறகு

கடற்கரைச் சாலையில் போய் வந்த அன்று அடிப்பாகத்தை நல்ல தண்ணீரால் கழுவுங்கள். கோடையில் தானிகாரி அணையின் நீர் இறங்கிவிட்டால் குடிப்பதற்கே தட்டுப்பாடு. அப்போது காருக்குக் குழாய் நீரைச் செலவிட முடியாது. மழைக்காலத்தில் கூரைநீரை டிரம்மில் பிடித்து வைத்தால் உதவும். கதவின் கீழ்த் துளைகளை மாதம் ஒருமுறை ஈர்க்குச்சியால் குத்திவிடுங்கள். வண்டியைப் பிளாஸ்டிக் உறையால் முழுவதும் மூடாதீர்கள். உள்ளே புழுங்கி ஈரம் தங்கும். மேலே கூரையும் பக்கங்களில் காற்றோட்டமும் உள்ள கொட்டகையே சிறந்தது. ஆண்டுக்கு ஒருமுறை, மழை முடிந்த ஜனவரியில், அடிப்பாகத்தை நன்றாகக் காயவிட்டு, துருவைச் சுரண்டி, பிறகு பூச்சு அடியுங்கள். இந்த வரிசை மாறக் கூடாது.

கார் பார்க்கப் போகும்போது, விவரம் தெரிந்த மெக்கானிக் ஒருவரைக் கூட அழைத்துச் செல்லுங்கள். அவருக்குக் கொடுக்கும் கூலி வீண்செலவு அல்ல. ஒரு டார்ச், ஒரு காந்தம், ஒரு ஸ்க்ரூ டிரைவர், தரையில் விரிக்க ஒரு பழைய பாய். இந்த நான்கையும் எடுத்துக்கொண்டு புறப்படுங்கள். உங்கள் பணத்துக்கேற்ற நல்ல வண்டி அமையவும், குடும்பத்துடன் சுகமாகப் போய்வரவும் என் வாழ்த்துக்கள்.